உறுதி அலுமாரிக்குள் இருக்கிறது, வீடு யாருடையது? கொழும்புக் காணித் தகராறுகள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

புதுக்கடை நீதிமன்றங்களுக்குப் பக்கத்து ஒழுங்கை ஒன்றில், ஒரு நொத்தாரிசிடம் நீண்ட காலம் எழுதுவினைஞராக இருந்தேன். காணிப் பத்திரமான உறுதியைத் தட்டச்சு செய்வது, காணிப் பதிவகத்தில் புத்தகம் புரட்டுவது, வருகிறவர்களுக்குத் தேநீர் கொடுத்துக் கதை கேட்பது. இதுதான் வேலை. கதைகள் வேறு வேறு, கேள்விகள் மட்டும் திரும்பத் திரும்ப ஒன்றுதான். அவற்றைக் கேட்டவர்கள் கேட்ட மாதிரியே எழுதியிருக்கிறேன். நான் சட்டத்தரணி இல்லை. வழக்கு என்றால் சட்டத்தரணியிடம் போகத்தான் வேண்டும். போகுமுன் எதைத் தேடி எடுத்துக்கொண்டு போகலாம், எதற்குப் பயப்படத் தேவையில்லை என்பது இதைப் படித்தால் பிடிபடும்.

உறுதி எங்கள் கையில் இருக்கிறது. அப்போ வீடு எங்களுடையதுதானே?

இருக்கலாம். ஆனால் உறுதியை வைத்து மட்டும் அப்படிச் சொல்ல முடியாது. உங்களுக்கு விற்றவரிடம் என்ன இருந்ததோ அதுதான் உங்களுக்கு வரும்.

கொட்டாஞ்சேனையில் ஒரு வீடு என்று வைத்துக்கொள்ளுங்கள். உறுதி அம்மம்மாவின் பெயரில். தாத்தா முன்பே காலமாகிவிட்டார், அம்மம்மாவும் மரணசாதனம் எழுதாமல் போய்விட்டார். பிள்ளைகள் நான்கு பேர். கடைசிவரை கூட இருந்து பார்த்தவர் மூத்த மாமா. "பார்த்தது நான்தானே" என்று முழு வீட்டையும் ஒருவருக்கு விற்று உறுதி முடித்துவிடுகிறார். உறுதியைப் பார்த்தால் ஒரு குறையும் தெரியாது. நொத்தாரிசின் முத்திரை, இரண்டு சாட்சிகள், பதிவு இலக்கம் எல்லாம் இருக்கும். வாங்கியவருக்குக் கிடைத்ததோ நான்கில் ஒரு பங்கு. மீதி மூன்று பங்கு ரொறன்ரோவிலும் வத்தளையிலும் இருக்கும் சகோதரங்களுடையது. அவர்கள் அதை விற்கவில்லை, ஆகவே அது போகவும் இல்லை.

அதனால்தான் வங்கிச் சட்டத்தரணிகள் குறைந்தது 30 வருடத்துக்குப் பின்னோக்கி உறுதிகளைக் கோர்த்துப் பார்க்கிறார்கள். இவர் யாரிடம் வாங்கினார், அவருக்கு எப்படி வந்தது, நடுவில் யாராவது இறந்தார்களா, இறந்திருந்தால் பங்குகள் எங்கே போயின? ஒரு கண்ணி விட்டுப்போனாலும் கடன் கிடைக்காது. வங்கி கேட்கும் அதே கேள்விகளை வாங்குகிற நீங்களும் கேட்டால் பாதி வழக்குகள் குறையும்.

ஒரு உறுதி செல்லுபடியாக என்ன வேண்டும்?

1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்க மோசடித் தடுப்புக் கட்டளைச் சட்டம் இன்றும் நடப்பில் இருக்கிறது. காணியை விற்பது, நன்கொடை கொடுப்பது, ஈடு வைப்பது எல்லாம் எழுத்தில் இருக்க வேண்டும். கையொப்பமிடுபவர், நொத்தாரிசு, இரண்டு சாட்சிகள் ஆகியோர் ஒரே நேரத்தில் ஒரே இடத்தில் இருக்க வேண்டும். வெள்ளைக் கடதாசியில் எழுதி, முத்திரை ஒட்டி, கோயில் தர்மகர்த்தாவைச் சாட்சியாக வைத்து முடித்த ஒப்பந்தங்களை எத்தனையோ பேர் கொண்டுவந்து காட்டியிருக்கிறார்கள். காணி விடயத்தில் அந்தக் கடதாசிக்குப் பலம் கிடையாது.

"ஒரே நேரத்தில்" என்பதைத்தான் பலர் சாதாரணமாக எடுத்துக்கொள்கிறார்கள். சாட்சி காலையில் வந்து ஒப்பமிட்டுப் போவார், விற்பவர் பின்னேரம் வருவார். பத்து வருடம் கழித்து குறுக்கு விசாரணையில் அந்தச் சாட்சியிடம், "விற்றவர் என்ன நிறச் சட்டை போட்டிருந்தார்?" என்று கேட்கும்போது சிரிக்க முடியாது.

உறுதியின் கடைசிப் பக்கத்தை வாசியுங்கள். அங்கேதான் நொத்தாரிசின் அத்தாட்சி இருக்கும். கையொப்பமிட்டவரை அவருக்கு நேரில் தெரியுமா, சாட்சிகளுக்குத் தெரியுமா, பணம் தன் முன்னால் கைமாறியதா, எந்தப் பக்கத்தில் எந்த வரியில் எந்தச் சொல் வெட்டித் திருத்தப்பட்டது என்பதெல்லாம் அதில் எழுதப்பட்டிருக்க வேண்டும். உறுதியின் உடலில் ஒரு திருத்தம் இருந்து, அத்தாட்சியில் அதைப் பற்றி ஒரு சொல்லும் இல்லாவிட்டால் கவனம்.

உறுதி சிங்களத்தில் இருக்கிறது. எனக்கு வாசிக்கத் தெரியாது. கையெழுத்துப் போட்டுவிட்டேன். செல்லுமா?

மொழி தெரியாது என்பதற்காக மட்டும் உறுதி செல்லாமல் போகாது. வாசிக்கத் தெரியாதவருக்கு வாசித்து விளக்குவது நொத்தாரிசின் கடமை, அப்படிச் செய்ததாக அத்தாட்சியில் எழுதுவதும் கடமை. அதை அவர் செய்யவில்லை, என்னிடம் வேறு ஒன்றைச் சொல்லி ஒப்பம் வாங்கினார்கள் என்றால் அது வழக்கில் நிரூபிக்கப்பட வேண்டிய விடயம். நொத்தாரிசுகள் குறிப்பிட்ட மொழிகளில் உறுதி எழுதவே அனுமதி பெறுகிறார்கள், கொழும்பில் தமிழில் எழுதுபவர்களும் உண்டு. தேடிப் போகலாம்.

பதிவு செய்துவிட்டோம். அப்புறம் என்ன பிரச்சினை?

பதிவு பற்றி ஊரில் இருக்கும் நம்பிக்கை கொஞ்சம் அதிகம். 1927ஆம் ஆண்டின் 23ஆம் இலக்க ஆவணப் பதிவுக் கட்டளைச் சட்டப்படி, பதிவு ஒரு ஆவணத்தின் குறையைத் தீர்க்காது. கள்ள உறுதியைப் பதிந்தால் அது பதியப்பட்ட கள்ள உறுதி, அவ்வளவுதான். பதிவகத்தில் இருப்பவர்கள் உரித்தை, அதாவது காணி உண்மையில் யாருக்குச் சொந்தம் என்பதை, விசாரிப்பதில்லை, வந்த ஆவணத்தைப் புத்தகத்தில் ஏற்றுகிறார்கள்.

அப்படியானால் பதிவு எதற்கு? முந்துரிமைக்கு. ஒரே ஆள் ஒரே காணியை சனவரியில் உங்களுக்கும் மார்ச்சில் இன்னொருவருக்கும் விற்கிறார். நீங்கள் உறுதியைக் கொண்டுபோய் அலுமாரியில் வைத்துவிட்டீர்கள். மற்றவர் பெறுமதி கொடுத்து வாங்கி உடனே பதிந்துவிட்டார். சட்டம் அவர் பக்கம். அவர் உங்கள் உறுதியைக் கவிழ்ப்பதற்காகவே விற்றவரோடு சேர்ந்து மோசடி செய்தார் என்று காட்டினால் ஒழிய நீங்கள் தோற்பீர்கள். நன்கொடையாகப் பெற்றவருக்கு இந்தச் சலுகை இல்லை, அவர் பெறுமதி கொடுக்கவில்லை.

நொத்தாரிசு தன் இரண்டாம் பிரதிகளை அடுத்த மாதம் 15ஆம் திகதிக்குள் பதிவகத்துக்கு அனுப்ப வேண்டும் என்பது விதி. அது வேறு, உங்கள் உறுதியைப் பதிவது வேறு. "ஐயா எல்லாம் பார்த்துக்கொள்வார்" என்று இருந்துவிடாமல், பதிவு இலக்கம் போட்ட உறுதி கைக்கு வரும்வரை கேட்டுக்கொண்டே இருங்கள்.

பதிவகத்தில் போய் என்ன பார்க்க வேண்டும்?

ஒவ்வொரு காணிக்கும் புத்தகத்தில் ஒரு ஃபோலியோ உண்டு. சிங்களத்தில் பத்-இரு என்பார்கள். அதில் விற்பனை, ஈடு, குத்தகை, நீதிமன்றத் தடை என்று வரிசையாக ஏறியிருக்கும். பக்கம் நிரம்பினால் அடுத்த புத்தகத்துக்கு எடுத்துச் செல்லப்பட்டிருக்கும், அந்த இணைப்பை விடாமல் பிடித்துக்கொண்டு போக வேண்டும். கொழும்பு நகருக்கு ஒரு பதிவகம், நுகேகொடைப் பக்கத்துக்கு டெல்கந்த. உங்களுடையது எது என்பதை உறுதியில் இருக்கும் பதிவு முத்திரை சொல்லும்.

என் அனுபவத்தில் மூன்று இடத்தில் கண் வைக்க வேண்டும். ஈடு ஏறியிருந்தால் அது மீட்கப்பட்டதாகவும் ஏறியிருக்கிறதா? லிஸ் பென்டென்ஸ், அதாவது வழக்கு நிலுவையில் இருப்பதற்கான அறிவித்தல், பதியப்பட்டிருக்கிறதா? அதைக் கவனிக்காமல் வாங்கினால் வழக்கின் முடிவு உங்களையும் கட்டும். மூன்றாவது, பல வருடம் ஒன்றுமே ஏறாமல் கிடந்த பக்கத்தில் திடீரென்று ஆறு மாதத்துக்குள் இரண்டு மூன்று உறுதிகள். வயதான ஒருவரின் வெறும் வளவு, கைமாறிக் கைமாறிப் போகிறது. கள்ள உறுதிக்காரர்களின் கைவேலை பெரும்பாலும் இப்படித்தான் இருக்கும், அடுத்தடுத்து விற்று "நல்லெண்ணத்தோடு வாங்கியவர்" ஒருவரை உருவாக்கப் பார்ப்பார்கள்.

உங்கள் காணி பற்றிச் சந்தேகம் இருந்தால் கேவியட் போடலாம். கட்டணம் கட்டிப் பதிந்து வைத்தால், அந்தக் காணிக்கு ஏதாவது உறுதி பதிவுக்கு வரும்போது உங்களுக்கு அறிவிப்பார்கள். வெளிநாட்டில் இருப்பவர்கள் எல்லோரும் இதைச் செய்துவைக்க வேண்டும் என்பது என் கட்சி.

கள்ள உறுதி என்று தெரியாமல், முழுப் பணமும் கொடுத்து வாங்கினேன். எனக்குப் பாதுகாப்பு இல்லையா?

சொல்லக் கஷ்டமாகத்தான் இருக்கிறது. உண்மையான சொந்தக்காரர் ஒப்பமிடாத உறுதியிலிருந்து உரித்து எதுவும் பிறக்காது. அதிலிருந்து வாங்கியவர், அவரிடமிருந்து வாங்கியவர் எல்லோருக்கும் வருவது வெறுங்கை. உங்களுக்கு இருக்கும் வழி, விற்றவர் மீது பணத்துக்கு வழக்கு. உறுதியில் "உரித்தை உத்தரவாதப்படுத்திக் காப்பேன்" என்று ஒரு வாசகம் இருக்கும், அதற்குத்தான் அது. விற்றவர் அகப்பட வேண்டும், அகப்பட்டவரிடம் ஏதாவது இருக்கவும் வேண்டும். குற்றப் புலனாய்வு முறைப்பாடு தனியாகப் போகும், அதனால் வீடு வராது.

ஒப்பம் கள்ளமா என்பது எப்படி முடிவாகும்? நொத்தாரிசிடம் இருக்கும் மூலப்பிரதியையும் பதிவகத்தில் இருக்கும் இரண்டாம் பிரதியையும் வரவழைத்து, அந்தக் காலத்து வங்கி அட்டை, கடவுச்சீட்டு ஒப்பங்களோடு ஒப்பிடுவார்கள். உறுதியை எதிர்த்தரப்பு மறுத்தால், ஒப்பமிட்ட சாட்சி ஒருவரையாவது அழைத்து நிரூபிக்க வேண்டும். உரிய இடத்திலிருந்து வரும், 30 வருடத்துக்கு மேற்பட்ட உறுதிகளை நீதிமன்றம் உண்மையானவை என்று அனுமானிக்கலாம். ஆகவே தாத்தாவின் உறுதிக்குச் சாட்சி உயிரோடு இல்லை என்று கலங்க வேண்டாம்.

அவசரத்துக்குக் கடன் வாங்கினேன். ஈடு என்று சொல்லி அறுதி உறுதியில் ஒப்பம் வாங்கிவிட்டார். இப்போது வீட்டை விடச் சொல்கிறார்.

எங்கள் மேசைக்கு வந்த கதைகளில் அதிகம் அழுகை இந்தக் கதையில்தான். முறையாக ஈட்டு உறுதி எழுதினால், கடன் கொடுத்தவர் பணம் வராவிட்டால் வழக்குப் போட்டு, தீர்ப்பு வாங்கி, ஏலம் போட வேண்டும். வங்கிகளுக்கு 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டப்படி நீதிமன்றத்துக்குப் போகாமலே ஏலம் போட வழி உண்டு, தனியாருக்கு இல்லை. அதனால் வட்டிக்குக் கொடுப்பவர்கள், "சும்மா ஒரு நம்பிக்கைக்கு" என்று அறுதி விற்பனை உறுதியாக எழுதச் சொல்வார்கள். பிள்ளைக்கு வெளிநாடு போக ஏஜென்சிக் காசு, அப்பாவுக்கு இருதய சத்திரசிகிச்சை, கடைக்குச் சரக்கு. அந்த நேரத்தில் யார் பேரம் பேசுவது?

சட்டம் முழுக்கக் கைவிட்டுவிடவில்லை. 1917ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நம்பிக்கைப் பொறுப்புக் கட்டளைச் சட்டத்தின் 83ஆம் பிரிவுப்படி, உறுதி எழுதிக் கொடுத்தாலும் அனுபவ உரிமையையும் கொடுத்துவிடும் எண்ணம் இருக்கவில்லை என்று சுற்றியிருந்த நிலைமைகளிலிருந்து தெரிந்தால், வாங்கியவர் அதை உங்களுக்காக வைத்திருப்பவர் மட்டுமே. 1947ஆம் ஆண்டின் எஹியா லெப்பை எதிர் மஜீத் தீர்ப்பு இதில் இன்றும் எடுத்துக்காட்டப்படுகிறது. விற்றவர் தொடர்ந்து அந்த வீட்டிலேயே இருந்தாரா? உறுதி எழுதும் செலவை விற்றவரே கொடுத்தாரா? விலை சந்தை விலையை விட வெகு குறைவா? இப்படியான கேள்விகளால் பார்ப்பார்கள்.

ஆகவே மாநகர சபைக்குக் கட்டிய பழைய சோலைவரி ரசீது, மின்சாரப் பட்டியல், வட்டி கட்டிய வங்கி ரசீது, "இந்த மாத வட்டி எங்கே" என்று அவர் அனுப்பிய வாட்ஸ்அப், எதையும் எறிய வேண்டாம். வெள்ளவத்தையில் ஒரு அன்ரி ஒரு பால்மா டின்னுக்குள் பதினொரு வருட வட்டித் துண்டுகளை இறப்பர் பான்ட் போட்டு வைத்திருந்தார். மாதம் மாதம் அதே தொகை, அதே கையெழுத்து. சட்டத்தரணி அந்த டின்னை மேசையில் கவிழ்த்துக் கொட்டியபோதுதான் அந்த அன்ரியின் முகத்தில் முதல் முறையாக நம்பிக்கையைக் கண்டேன். விற்ற வீட்டுக்கு யாராவது வட்டி கட்டுவார்களா?

தாமதிக்கவும் வேண்டாம். கடன் கொடுத்தவர் விஷயம் தெரியாத மூன்றாம் ஆளுக்கு விற்றுவிட்டால், அந்த ஆளைச் சட்டம் பாதுகாக்கக் கூடும். வழக்கைப் போட்டு உடனே லிஸ் பென்டென்ஸைப் பதிய வேண்டும்.

வாங்கியவர் பாதி விலைகூடத் தரவில்லை. அதற்காக உறுதியை உடைக்கலாமா?

உரோமன் டச்சு சட்டத்தில் ஒரு வழி உண்டு. உண்மையான பெறுமதியின் பாதிக்கும் குறைவாக விற்றவர் உறுதியை இரத்துச் செய்யக் கோரலாம். ஆனால் பெறுமதி தெரிந்துகொண்டே குறைத்து விற்றவருக்கு இது உதவாது. விற்ற நாளின் பெறுமதிதான் கணக்கு. இன்றைக்குக் கொள்ளுப்பிட்டியில் பேர்ச் எவ்வளவு போகிறது என்று சொல்லி அழுவதில் பயனில்லை.

15 வருடமாக வாடகைக்கு இருப்பவர், "பத்து வருடம் தாண்டிவிட்டது, இனி எனக்குத்தான்" என்கிறார்.

இருக்க இடம் கொடுத்தால் படுக்கப் பாய் கேட்ட கதை. கவலைப்பட வேண்டாம். 10 வருடம் ஒரு காணியை ஆண்டு அனுபவித்தவருக்கு உரித்து வரலாம் என்று 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் சொல்வது உண்மை, ஆனால் அது சொந்தக்காரருக்கு எதிரான ஆட்சியாக இருக்க வேண்டும். இடையூறில்லாமலும் இடைவிடாமலும் இருக்க வேண்டும். உங்கள் அனுமதியோடு உள்ளே வந்தவர், வாடகைக்காரரோ காவலுக்கு வைத்தவரோ ஒன்றுவிட்ட தம்பியோ, அந்த அனுமதியின் கீழ்தான் இருக்கிறார். இனி உன்னை ஏற்கமாட்டேன் என்று வெளிப்படையாக அவர் மாறிய நாளை அவரே நிரூபிக்க வேண்டும். வாடகைக்காரர் வீட்டுக்காரரின் உரித்தையே மறுப்பதையும் சாட்சியச் சட்டம் அனுமதிக்காது. அரச காணிக்கு எதிராக ஆட்சியுரிமை எழாது, எத்தனை வருடமானாலும்.

வெளிநாட்டில் இருப்பவர்கள் கவனிக்க. ஒருவர் உங்கள் காணிக்குள் புகுந்த நேரத்தில் நீங்கள் கடல் கடந்து இருந்திருந்தால், நீங்கள் வெளியே இருக்கும் காலம் உங்களுக்கு எதிராக எண்ணப்படாது. ஆனாலும் 30 வருடம் தாண்டினால் அந்தப் பாதுகாப்பும் முடிந்தது. அவர் புகுந்து, கடிகாரம் ஓடத் தொடங்கிய பிறகு நீங்கள் விமானம் ஏறியிருந்தால் கடிகாரம் நிற்காது. போரால் காணிக்குப் போக முடியாமல் இருந்தவர்களுக்காக 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் வந்தது, 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தைக் கணக்கிலிருந்து விலக்க. கொழும்பில் இருந்துகொண்டு வவுனியாக் காணிக்கு வழக்காடியவர்கள் பலர் அதைப் பிடித்துக்கொண்டார்கள். அந்தச் சட்டத்தின் கீழ் உங்கள் வழக்கு இன்னும் வருமா என்பதைச் சட்டத்தரணியிடம் கேட்டுக்கொள்ளுங்கள்.

அண்ணா மட்டும் அப்பாவின் வீட்டில் இருக்கிறார். எங்களுக்குப் பங்கு இல்லையாம்.

அப்பா மரணசாதனம் எழுதாமல் இறந்திருந்தால், பொதுச் சட்டப்படி பாதி அம்மாவுக்கு, மற்றப் பாதி பிள்ளைகளுக்குச் சமமாக. ஆண் பெண் வித்தியாசம் இல்லை. முஸ்லிம்களுக்கும், யாழ்ப்பாணத் தமிழரின் வழமைச் சட்டமான தேசவழமைக்கு உட்பட்டவர்களுக்கும் கணக்கு வேறு.

அண்ணா இருபது வருடமாகத் தனியே இருக்கிறார் என்பதால் பங்கு போய்விடாது. கூட்டுச் சொந்தக்காரர் ஒருவர் இருப்பது எல்லோருக்காகவும் இருப்பதாகவே கருதப்படும் என்று 1911இல், அன்று மேன்முறையீட்டின் கடைசிப் படியாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் சொன்னது, கொரேயா எதிர் இசெரிஸ் அப்புஹாமி வழக்கில். மற்றவர்களை வெளியேற்றியதற்கு ஒப்பான செயல் வேண்டும். ஆனால் மிக நீண்ட காலம், கட்டடம் கட்டி, வாடகை முழுவதையும் தானே எடுத்து, யாரும் மூச்சு விடாமல் இருந்தால் அப்படியொரு செயல் நடந்ததாக நீதிமன்றம் அனுமானிக்கவும் கூடும். வருடத்துக்கு ஒருமுறை தைப்பொங்கலுக்குப் போய் வருவது நல்லதுதான். பங்கு கேட்டு ஒரு கடிதம் பதிவுத் தபாலில் போடுவது அதைவிட நல்லது.

தீர்வு 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டப்படி பாகப்பிரிவினை வழக்கு. நில அளவையாளர் வந்து அளப்பார், அறிவித்தல் காணியில் ஒட்டப்படும், எல்லாப் பங்காளரும் தங்கள் உரித்தைக் காட்ட வேண்டும். இறுதித் தீர்ப்பு வழக்கில் இல்லாதவர்களையும் கட்டும். அதுதான் அதன் பலமும் ஆபத்தும். காணியில் ஒட்டிய அறிவித்தலைக் காணாமல் விட்ட பங்காளருக்குப் பிறகு மிஞ்சுவது பெரும்பாலும் நட்டஈட்டு வழக்கு மட்டும்தான்.

கொழும்பில் ஒரு தனிச் சிக்கல் உண்டு. நகர அபிவிருத்தி விதிகளில் ஒரு துண்டின் சாதாரண ஆகக்குறைந்த அளவு 150 சதுர மீற்றர், ஏறக்குறைய 6 பேர்ச். வெள்ளவத்தை ஒழுங்கைகளில் முழு வளவே எட்டுப் பத்து பேர்ச்தான். அதை ஐந்து பேருக்கு எப்படி வெட்டுவது? நீதிமன்றம் விற்கச் சொல்லும். முதலில் பங்காளருக்குள் மதிப்பீட்டு விலையில், அது சரிவராவிட்டால் பொது ஏலத்தில். இதை முன்கூட்டியே சொன்னால் பல குடும்பங்கள் வழக்குக்குப் போகாமல் சமாதானமாகிவிடும்.

மகனுக்கு நன்கொடையாக எழுதிக் கொடுத்தேன். இப்போது பார்க்கிறானில்லை. திருப்பி எடுக்கலாமா?

மீட்கும் உரிமையை உறுதியிலேயே வைத்திருந்தால் எடுக்கலாம். மீட்கமுடியாதது என்று எழுதியிருந்தால், கொடிய நன்றிகேடு என்ற காரணத்தைக் காட்டி மாவட்ட நீதிமன்றத்தில் கேட்க வேண்டும். 2017ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டத்துக்குப் பிறகு, நொத்தாரிசிடம் போய் நீங்களாகவே இரத்து உறுதி எழுதினால் போதாது. தொலைபேசி எடுக்கவில்லை என்பது நன்றிகேடு ஆகாது. அடித்தான், பட்டினி போட்டான் போன்றவை ஆகும்.

இனிமேல் எழுதுபவர்கள், சாகும்வரை இருந்து அனுபவிக்கும் சீவிய உருத்தை உங்களுக்கு வைத்து எழுதுங்கள். பாசத்தில் அதை விட்டுவிட்ட அம்மாமாரை நிறையப் பார்த்துவிட்டேன்.

இன்னொன்று. முத்திரைத் தீர்வை விற்பனைக்கு முதல் ஒரு இலட்சத்துக்கு 3 வீதம், மிகுதிக்கு 4 வீதம். நன்கொடைக்கு முதல் 50,000க்கு 3, மிகுதிக்கு 2. இந்த வித்தியாசத்துக்காக விற்பனையை நன்கொடையாக எழுதுவார்கள். மிச்சம் பிடிப்பது சில இலட்சம், இழப்பது மேலே சொன்ன முந்துரிமையும் உத்தரவாதமும்.

நாங்கள் யாழ்ப்பாணத்தவர், இருப்பது கொழும்பில். மனைவி தன் பெயரில் உள்ள வீட்டை விற்க என் ஒப்பம் வேண்டுமாம்.

தேசவழமை உங்களோடு கூடவே வரும். அதற்கு உட்பட்ட மணமான பெண், தன் அசையாச் சொத்தைக் கணவனின் எழுத்துச் சம்மதம் இல்லாமல் கைமாற்ற முடியாது. 1911ஆம் ஆண்டின் 1ஆம் இலக்கச் சட்டம் அது. கணவன் காரணமில்லாமல் மறுத்தாலோ காணாமல் போயிருந்தாலோ மாவட்ட நீதிமன்றத்தில் அனுமதி கேட்கலாம். இந்தக் காலத்தில் இப்படியொரு சட்டமா என்று கேட்டால் என்னிடம் பதில் இல்லை. ஆனால் அந்தச் சம்மதம் இல்லாத உறுதிகள் பின்னால் கேள்விக்குள்ளாகின்றன.

வெளிநாட்டில் உள்ள தம்பி அற்றோர்ணித் தத்துவம் அனுப்பியிருக்கிறார். அதை வைத்து வாங்கலாமா?

தனக்குப் பதிலாக ஒப்பமிட இன்னொருவருக்குக் கொடுக்கும் அதிகாரப் பத்திரம்தான் அது. அதில் விற்கும் அதிகாரம் தெளிவாக எழுதியிருக்கிறதா, இலங்கைத் தூதரகத்தில் ஒப்பமிடப்பட்டு இங்கே பதியப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். எழுதிக் கொடுத்தவர் இறந்த கணமே அதிகாரம் முடிகிறது. அதற்குப் பிறகு ஒப்பமிட்ட உறுதியால் காணி கைமாறாது. வாங்குமுன் அந்தத் தம்பியோடு ஒரு வீடியோ அழைப்பில் பேசிவிடுங்கள், கூச்சப்பட வேண்டாம்.

அவர் வெளிநாட்டுப் பிரஜையாகிவிட்டால்? ஏற்கனவே இருப்பதை விற்கலாம், வாரிசாக வருவதையும் பெறலாம். புதிதாகக் காணி வாங்குவதற்குத்தான் 2014ஆம் ஆண்டின் 38ஆம் இலக்கச் சட்டம் தடை. தொடர்மாடி வீடுகளுக்கு அதில் விதிவிலக்கு உண்டு. இரட்டைப் பிரஜைக்குத் தடை இல்லை.

பிளட் வாங்கினோம், குடியேறி ஆறு வருடம். உறுதி இன்னும் வரவில்லை.

கட்டடத்தின் தொடர்மாடி வரைபடம் பதியப்படும்வரை உங்கள் வீடு சட்டத்தின் கண்ணில் தனிச் சொத்து இல்லை. உங்களிடம் இருப்பது விற்பனை உடன்படிக்கை. நிலம் இன்னும் கட்டியவர் பெயரில், பெரும்பாலும் வங்கிக்கு ஈட்டில். முதல் தவணைக்கு முன்பே ஃபோலியோவைப் பார்த்து, ஈட்டிலிருந்து உங்கள் பகுதியை விடுவிக்கும் வங்கிக் கடிதத்தைக் கேளுங்கள். கார் நிறுத்துமிடம் உங்கள் வீட்டோடு சேர்ந்ததா, பொது இடமா என்பதையும் வரைபடத்தில் பாருங்கள். விளம்பரத் துண்டில் இருப்பது கணக்கில்லை.

சோலைவரி என் பெயரில்தான் வருகிறது. போதாதா?

மாநகர சபை வரி வாங்க ஒரு பெயர் வேண்டும், அதற்காக வைத்திருப்பது. இருந்து ஆண்டதற்கு நல்ல சாட்சி, உரித்துக்குச் சாட்சி இல்லை.

நேற்று இரவு பூட்டை உடைத்து உள்ளே புகுந்துவிட்டார்கள்.

இதை வாசிப்பதை நிறுத்திவிட்டு பொலிஸுக்குப் போங்கள். 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்கச் சட்டத்தின் 66ஆம் பிரிவில் நீதவான் முன் விடயம் போகும். அங்கே உரித்து விசாரிக்கப்படாது, யார் இருந்தார்கள் என்பதுதான் கேள்வி. தகவல் தாக்கல் செய்வதற்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் பலாத்காரமாக வெளியேற்றப்பட்டிருந்தால் திரும்ப உள்ளே விடலாம். இரண்டு மாதம் கடந்துவிட்டால் அந்தக் கதவு மூடிவிடும், மாவட்ட நீதிமன்றம்தான். அங்கே உரித்து வழக்குப் போடுபவர் தன் உரித்தைத் தானே நிரூபிக்க வேண்டும். எதிரியிடம் ஒன்றுமில்லை என்று காட்டினால் மட்டும் வெல்ல முடியாது.

அப்பாவின் உறுதி 83 கலவரத்தில் எரிந்துவிட்டது. எல்லாம் போய்விட்டதா?

இல்லை. உறுதி எழுதும்போது மூன்று பிரதி எழுதப்படும். ஒன்று உங்களுக்கு, ஒன்று நொத்தாரிசிடம், ஒன்று பதிவகத்துக்கு. உறுதி இலக்கமும் நொத்தாரிசின் பெயரும் திகதியும் தெரிந்தால், பதிவகத்தில் இருக்கும் பிரதியிலிருந்து அத்தாட்சிப்படுத்திய நகல் எடுக்கலாம். இலக்கம் தெரியாவிட்டால் பழைய ஈடு, பக்கத்து வளவுக்காரரின் உறுதியில் உள்ள எல்லை விபரம், சர்வேயர் பிளானின் அடிக்குறிப்பு என்று தேடிப் போக வேண்டும். பம்பலப்பிட்டிக் குடும்பம் ஒன்றுக்கு நாங்கள் இலக்கத்தைக் கண்டுபிடித்தது அம்மாவின் தையல் மெசின் லாச்சியில் கிடந்த ஒரு பழைய முத்திரைத் தீர்வை ரசீதின் பின்பக்கத்தில். அப்பா பென்சிலால் எழுதி வைத்திருந்தார்.